நேர்த்திக்கடன் வைத்த வீட்டில் ஒரு பொம்மை: 'டிவோஷன்' விமர்சனம்

பொம்மையை வைத்துப் பயமுறுத்தும் கணினி விளையாட்டுகள் இப்போது மலிந்து கிடக்கின்றன. பெரும்பாலும் ஒரே பாணிதான். இருட்டு வீடு, எங்கிருந்தோ ஒரு குழந்தைச் சிரிப்பு, கதவைத் திறந்தால் பொம்மை மூஞ்சிக்கு நேரே வந்து கத்தும். 2015இல் ஷான் ஹிச்காக் உருவாக்கிய 'எமிலி வான்ட்ஸ் டு பிளே' இந்த வகையில் கொஞ்சம் கெட்டிக்காரத்தனமானது. பீட்சா கொடுக்க வந்தவர் ஒரு வீட்டுக்குள் மாட்டிக்கொள்வார். மூன்று பொம்மைகள். ஒன்று வந்தால் அதைப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும், இன்னொன்று வந்தால் அசையக் கூடாது, மூன்றாவது வந்தால் அறையை விட்டு ஓட வேண்டும். விதி பிடிபட்டதும் பயம் போய்விடும், மிச்சம் விரல் பயிற்சிதான். 'பாப்பி பிளேடைம்' வந்த பிறகு நிலைமை இன்னும் மோசம். அதில் வருகிற நீல நிற ஹகி வகி பொம்மை நம்மூர் பாசார் மாலாம் இரவுச் சந்தைகளில் கொத்துக் கொத்தாகத் தொங்கியது. பிள்ளைகள் அதைக் கட்டிப்பிடித்துக்கொண்டு தூங்கினார்கள். அப்புறம் எங்கே பயம்?

இந்தக் கூட்டத்தில் சேராத ஒன்று தைவானிலிருந்து வந்த 'டிவோஷன்'. தைப்பேயில் இருக்கும் ரெட் கேண்டில் கேம்ஸ் என்ற சின்ன, சுயாதீனக் குழு 2019 பிப்ரவரியில் வெளியிட்டது. பழசுதான். ஆனாலும் சிங்கப்பூர்த் தமிழர் ஒருவர் இதை ஆடினால் மேற்கத்திய விமர்சகர்களுக்குக் கண்ணில் படாத சில விஷயங்கள் சட்டென்று படும். அதனால்தான் இவ்வளவு தாமதமாக எழுதுகிறேன்.

கதை 1980களில் நடக்கிறது. தைப்பேயில் ஓர் அடுக்குமாடி வீடு. கணவர் டு ஃபெங்-யூ சினிமாவுக்குக் கதை வசனம் எழுதுபவர். ஒரு காலத்தில் பெயர் வாங்கியவர், இப்போது அவர் எழுத்தைச் சீண்ட ஆளில்லை. மனைவி லி-ஃபாங் புகழோடு இருந்த பாடகி, நடிகை. குடும்பத்துக்காகத் தொழிலை விட்டவர். ஒரே மகள் மெய்-ஷின். அம்மாவின் குரல் மகளுக்கும் வந்திருக்கிறது, தொலைக்காட்சிப் பாட்டுப் போட்டியில் பாடுகிறாள். பிறகு அவளுக்கு உடம்புக்கு முடியாமல் போகிறது, மூச்சு அடைக்கிறது. மருத்துவத்தில் பிடிபடாத மகளின் நோய்க்கு விடை தேடி அப்பா ஒரு குருவிடம் போய் விழுகிறார். நாம் ஆடுவது அந்த அப்பாவாக.

ஆட்டமுறை எளிமையானது. கையில் ஆயுதம் கிடையாது, சண்டை கிடையாது. ஒரே வீடு 1980, 1985, 1986 என்று மூன்று வேறு ஆண்டுகளில் நமக்குக் கிடைக்கும். நடைபாதை வழியாக ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குப் போய் வரலாம். ஒரு வருடத்தில் எடுத்த பொருளை இன்னொரு வருடத்தில் கொண்டுபோய் வைக்க வேண்டும். 1980இல் வீடு காலியாக, நம்பிக்கையோடு இருக்கிறது. 1985இல் சாமான்கள் பெருகி, சுவரில் மகளின் படங்கள் ஏறியிருக்கின்றன. 1986இல் அதே கூடத்தில் மூச்சு முட்டுகிறது. யாரும் உட்கார்ந்து விளக்குவதில்லை. மேசை மேல் கிடக்கும் ரசீதையும் கடிதத்தையும் எடுத்துப் படித்து நாமே கணக்குப் போட்டுக்கொள்ள வேண்டும்.

அந்த வீட்டைப் பற்றிச் சொல்லாமல் போக முடியாது. சிங்கப்பூரின் வீவக அடுக்குமாடி வீட்டில் வளர்ந்தவருக்கு அது வெளிநாட்டு வீடாகவே தெரியாது. நீளமான பொது நடைபாதை, வாசலுக்கு வாசல் கதவு, உள்ளே நுழைந்ததும் கூடத்தில் தொலைக்காட்சி, சுவரில் நாட்காட்டி, சாமி மாடம், அடுப்படியிலிருந்து சாப்பிடக் கூப்பிடும் குரல். ஆட்டத்தின் தொடக்கமே அப்படித்தான். அப்பா தொலைக்காட்சிப் பெட்டியின் முன் உட்கார்ந்திருக்கிறார், அம்மா உள்ளே சமைத்துக்கொண்டே ஏதோ சொல்கிறார், மின்சாரம் போகிறது. இவ்வளவுதான், இதற்கே என் அக்கா மகள் சோபாவில் காலைத் தூக்கி வைத்துக்கொண்டாள். பதினாறு வயது. திகில் என்றால் தனியாக ஆட மாட்டாள், பக்கத்தில் உட்கார்ந்து எனக்குக் கட்டளை போடுவாள்.

சரி, பொம்மைக்கு வருகிறேன்.

மெய்-ஷின் உருவத்தில் ஆளுயரப் பொம்மை ஒன்று இந்த வீட்டுக்குள் இருக்கிறது. அது கத்துவதில்லை, கத்தி எடுப்பதில்லை, நம் மேல் பாய்வதும் இல்லை. பார்த்துவிட்டுத் திரும்புகிறோம், மறுபடி பார்க்கிறோம், அவ்வளவுதான். நம்மைக் கொல்ல வரவில்லை என்று புத்திக்குத் தெரியும். முதுகுக்குத் தெரியாது. "சித்தி, திரும்பாதீங்க, அது அங்கேயே இருக்கான்னு நான் பாத்துச் சொல்றேன்" என்றாள் அக்கா மகள். திரையில் தெரிவது என் கண்ணுக்குத் தெரிவதுதான் என்பதே அவளுக்கு அந்த நேரத்தில் மறந்துவிட்டது.

அது ஏன் அவ்வளவு உறுத்துகிறது என்று எனக்குக் கொஞ்சம் யோசனை ஓடியது. எங்கள் வீட்டில் அம்மா நவராத்திரிக்குக் கொலு வைப்பார். மூன்று அறை வீட்டில் ஐந்து படி, கூடத்தில் பாதியை அதுவே அடைத்துக்கொள்ளும். படியில் முதலில் ஏறுவது மரப்பாச்சி ஜோடி. அம்மா ஒவ்வொரு வருடமும் லிட்டில் இந்தியா தேக்காவில் ஜரிகைத் துண்டு வாங்கி வந்து அவற்றுக்கு வேட்டியும் பாவாடையும் தைப்பார். மரப்பாச்சிக்கு மூக்கு முழி சரியாக இருக்காது. இருட்டில் பார்த்தால் பயப்படத்தக்க முகம்தான், ஆனால் ஒருநாளும் பயந்ததில்லை. விஜயதசமி இரவு ஒரு பொம்மையை எடுத்துப் படுக்க வைத்துவிடுவோம். பார்க்க வந்தவர்கள் போயாயிற்று, பொம்மைக்கும் ஓய்வு என்று கணக்கு. 'டிவோஷன்' வீட்டில் இருக்கும் பொம்மைக்கு அந்தச் சலுகை இல்லை. அது எந்நேரமும் யாருக்கோ காட்டுவதற்காக வைக்கப்பட்டிருக்கிறது. ஆட்டம் போகப் போக, அது பேயின் உருவமே இல்லை, அப்பாவின் கண்ணுக்கு மகள் இப்படித்தான் தெரிகிறாள் என்று பிடிபடும். அலங்கரித்து, நிறுத்தி, பாட வைத்து, புகைப்படம் எடுத்து. அவர் மகளை வெறுப்பவர் அல்ல. உயிராக நினைப்பவர். விளையாட்டின் மொத்த விஷமும் அந்த இடத்தில்தான் இருக்கிறது.

பாட்டுப் போட்டிக் காட்சிகள் எங்கள் இருவரையுமே படுத்தின. இங்கே தமிழ்த் தொலைக்காட்சியின் பாட்டுப் போட்டியான 'வசந்தம் ஸ்டார்' பார்த்து வளர்ந்தவர்களுக்கு அந்த மேடை விளக்கும் தொகுப்பாளரின் குழையும் குரலும் அந்நியமில்லை. அக்கா மகளும் தொடக்கப்பள்ளிக் காலம் முழுக்க மேடை மேடையாகப் போய்ப் பாடியவள்தான். சமூக மன்றம், கோயில் விழா, பள்ளிகளுக்கிடையிலான போட்டி எதையும் விட்டதில்லை. ஓர் இடத்தில் அவள் சொன்னாள்: "இவரு மார்க்கத்தான் பாக்குறாரு, அவளப் பாக்கல." நான் எழுத நினைத்த விமர்சனத்தை ஒரே வரியில் முடித்துவிட்டாள். தொடக்கப்பள்ளி இறுதித் தேர்வான பிஎஸ்எல்இ ஆண்டில் பிள்ளை வைத்திருக்கும் பெற்றோருக்கு இந்தப் பகுதியைத் தனியாகப் போட்டுக் காட்டலாம். எத்தனை பேர் முழுசாக உட்கார்ந்து பார்ப்பார்கள் என்று தெரியவில்லை.

இந்த விளையாட்டின் மையம் ஒரு நேர்த்திக்கடன். மகளுக்குக் குணமாக வேண்டும் என்று அப்பா ஒரு தெய்வத்திடம் வேண்டிக்கொள்கிறார், அந்தக் கடனைக் கட்டுகிறார், இன்னும் கட்டுகிறார். மேற்கத்திய விமர்சனங்களில் இதை 'மூடநம்பிக்கை', 'போலிச் சமயக் கும்பல்' என்று ஒரு வரியில் தாண்டிவிடுகிறார்கள். நமக்கு அப்படித் தாண்ட முடியாது. தைப்பூசத்தன்று சிராங்கூன் சாலை ஸ்ரீ சீனிவாசப் பெருமாள் கோயிலிலிருந்து டேங்க் ரோடு தெண்டாயுதபாணி கோயில் வரை பால்குடம் எடுத்து நடப்பவர்களில் எத்தனை பேர் பிள்ளைக்காக நடக்கிறார்கள். என் அம்மா தம்பிக்காக எடுத்திருக்கிறார். வெறுங்காலில், தார்ச் சாலையில், வேகாத வெயிலில். அதை நான் கேலி பண்ண மாட்டேன். இந்த விளையாட்டும் பண்ணவில்லை.

அது காட்டும் வித்தியாசம் வேறு இடத்தில் இருக்கிறது. பால்குடத்தில் வேண்டிக்கொண்டவர்தான் நடக்கிறார், சுடுவது அவர் கால்தான். ஃபெங்-யூ வேண்டிக்கொள்கிறார், முதலில் காசாகக் கட்டுகிறார். காசு கரைந்ததும் குரு வேறு ஒன்றைக் கேட்கிறார். அதைக் கட்டப்போவது அவர் இல்லை. இதற்கு மேல் சொன்னால் முடிவை உடைத்துவிடுவேன். ஆனால் ஒன்று. குளியலறைக் கதவை எப்போது பார்த்தாலும் ஒரு மாதிரி இருக்கும், அந்த 'ஒரு மாதிரி'க்குக் காரணம் கடைசியில் வந்து சேரும்.

அந்தத் தெய்வம், சிகு குவான்யின், விளையாட்டுக்காகக் கற்பனையாக உருவாக்கப்பட்டது. உண்மையான குவான் யின்னை, இங்கே குவான் இம் என்று சொல்லும் கருணைத் தெய்வத்தை, பார்க்க வேண்டுமென்றால் வாட்டர்லூ ஸ்திரீட்டுக்குப் போனால் போதும். பக்கத்திலேயே ஸ்ரீ கிருஷ்ணன் கோயில். குவான் இம் கோயிலுக்கு வந்த சீனர்கள் கிருஷ்ணன் கோயில் வாசலிலும் நின்று ஊதுபத்தி காட்டிவிட்டுப் போவார்கள். அலுவலகத்தில் என் பக்கத்து மேசைக்காரரும் அப்படிக் காட்டுபவர்தான். அவரிடம் விளையாட்டின் சில படங்களைக் காட்டினேன். சுவரில் ஒட்டியிருக்கும் மஞ்சள் மந்திரத் தாளையும், சாமி மாடத்தில் பழம் அடுக்கியிருக்கும் முறையையும் பார்த்துவிட்டு, "இது எங்க பாட்டி வீடு" என்றார். ஆடச் சொன்னேன். ஆவிகளுக்கான சீன ஏழாம் மாதம் முடியட்டும் என்றார். அந்த மாதத்தில் போடும் கெத்தாய் பாட்டு மேடையில் முன்வரிசை நாற்காலிகளை ஆவிகளுக்காகக் காலியாக விடும் ஊரில் இது நியாயமான பதில்தான்.

என்னை அதிகம் பாதித்தது ஆவியும் பூசையும் இல்லை. மெய்-ஷினின் கோளாறு உடம்பில் இல்லை, மனநல மருத்துவரிடம் காட்டுங்கள் என்ற யோசனை வரும்போது அப்பாவுக்கு வரும் கோபம். என் மகள் பைத்தியமில்லை என்கிறார். நம்மூரில் வுட்பிரிட்ஜ் மருத்துவமனைக்கு மனநலக் கழகம் என்று பெயர் மாறி முப்பது வருடத்துக்கு மேல் ஆகிறது. இன்னமும் பெரியவர்கள் திட்டும்போது "உன்னை வுட்பிரிட்ஜில்தான் சேர்க்கணும்" என்கிறார்கள். பதற்றம் வந்து மூச்சு அடைக்கும் பிள்ளையை எந்த மருத்துவரிடம் கூட்டிப்போவது என்பதைவிட, யாருக்கும் தெரியாமல் கூட்டிப்போவது எப்படி என்பதில்தான் நம் வீடுகளிலும் பாதிப் பேச்சு ஓடுகிறது. 1986 தைப்பே அவ்வளவு தூரத்தில் இல்லை.

வேறு தொனியில் ஒரு பகுதியும் உண்டு. அப்பாவும் மகளும் சேர்ந்து ஒரு படக்கதைப் புத்தகம் வாசிக்கிறார்கள், திரை அப்படியே அந்தப் புத்தகத்தின் பக்கமாக மாறுகிறது. இருட்டும் துருவும் போய் வண்ணம் வருகிறது. இன்னொன்று காகித டுலிப் மலர்கள். அப்பா மடிக்கக் கற்றுக்கொடுத்தவை, வீட்டில் அங்கங்கே கண்ணில் படும். இந்த அன்பைக் காட்டியிராவிட்டால் பின்னால் வருவது வெறும் கொடுமைக் கதையாகப் போயிருக்கும்.

குறைகள் இல்லாமல் இல்லை. ஒரு துரத்தல் காட்சி வருகிறது. மனைவி உருவத்தில் வரும் பேய் துரத்த, நாம் நடைபாதைகளில் ஓட வேண்டும். மாட்டினால் மறுபடி ஆரம்பத்திலிருந்து. இரண்டாவது தடவையே பயம் போய் எரிச்சல் வந்துவிடுகிறது. அதைவிட எனக்கு உறுத்தியது, அந்தக் குடும்பத்தில் புத்தியோடு பேசிய ஒரே ஆளான லி-ஃபாங்கைப் பேயாக்கி ஓட விட்டது. எல்லாம் அப்பாவின் மனத்துக்குள் நடப்பது, அவர் பார்வையில் மனைவிதான் எதிரி என்று சமாதானம் சொல்லலாம். அக்கா மகள் அப்படித்தான் வாதாடினாள். எனக்குப் போதவில்லை. அந்தப் பெண் மேடையை விட்டு அடுப்படிக்குள் வந்து அடைந்தது எப்படி என்பதை இன்னும் கொஞ்சம் காட்டியிருக்கலாம். புதிர்களும் சுலபம். பழகிய கைக்கு எங்கும் தடை விழாது. சுமார் மூன்று மணி நேரத்தில் முடிந்துவிடும். கடைசி அரைமணி நேரத்தில் குறியீடுகளை அள்ளிக் கொட்டியிருக்கிறார்கள், பாதியைக் குறைத்திருந்தால் இன்னும் அழுத்தமாக இருந்திருக்கும்.

பேச்சு மாண்டரினில், எழுத்து ஆங்கிலத்தில் வரும். கடிதங்களையும் துண்டுச் சீட்டுகளையும் எடுத்துப் பார்த்தால் அவற்றுக்கும் மொழிபெயர்ப்பு உண்டு. நிறுத்தி நிதானமாகப் படியுங்கள், கதையின் முக்கால்வாசி அங்கேதான். ஒலியமைப்பு அபாரம். ஒலிபெருக்கியில் ஆடினால் பாதி போய்விடும், நல்ல ஹெட்ஃபோன் வேண்டும். ஒரு ஹெட்ஃபோனை இரண்டு பேர் பங்கு போட்டு ஆடினோம், அதை யாருக்கும் சிபாரிசு செய்ய மாட்டேன்.

எங்கே வாங்குவது என்பதற்கு ஒரு கதையே இருக்கிறது. ஸ்டீம் என்ற பெரிய இணைய விளையாட்டுக் கடையில் தேடினால் கிடைக்காது. வெளியான ஒரே வாரத்துக்குள் ஆட்டக்காரர்கள் சுவரில் ஒட்டியிருந்த ஒரு மந்திரத் தாளில் சீன அதிபர் ஷி சின்பிங்கை வின்னி த பூ என்ற கார்ட்டூன் கரடியோடு இணைத்துக் கேலி செய்யும் எழுத்து இருப்பதைக் கண்டுபிடித்தார்கள். சீனாவிலிருந்து எதிர்ப்பு குவிந்தது. தற்காலிகமாக வைத்த படம் தவறிப்போய் உள்ளே தங்கிவிட்டது என்று குழு மன்னிப்புக் கேட்டுப் படத்தை மாற்றியது. அடங்கவில்லை. பிப்ரவரி மாதமே விளையாட்டு ஸ்டீமிலிருந்து இறங்கியது. 2020 டிசம்பரில் ஜிஓஜி என்ற இன்னொரு விளையாட்டு விற்பனைத் தளம் விற்கப்போவதாக அறிவித்துவிட்டுச் சில மணி நேரத்தில் பின்வாங்கியது. அதே ஆண்டில் அமெரிக்காவின் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தில் இருக்கும் ஹார்வர்ட்-யென்சிங் நூலகம் இதைத் தன் சேகரிப்பில் சேர்த்துக்கொண்டது. கடையில் வாங்க முடியாத ஒரு விளையாட்டு நூலகத்தில் இருந்தது என்றால் பாருங்கள்.

கடைசியில் 2021 மார்ச்சில் ரெட் கேண்டில் தானே ஓர் இணையக் கடை திறந்து விற்க ஆரம்பித்தது. அப்போது வைத்த விலை 16.99 அமெரிக்க டாலர். அன்று நம் காசுக்கு 22, 23 சிங்கப்பூர் வெள்ளி வந்தது. விண்டோஸ், மேக் இரண்டுக்கும் உண்டு. காசு கட்டியதும் கோப்பை இறக்கிக்கொள்ளலாம், நகலெடுப்பதைத் தடுக்கும் பூட்டு எதுவும் கிடையாது, கணினி மாற்றினாலும் கூடவே எடுத்துப் போகலாம். இலவசமாகத் தருகிறோம் என்று வேறு தளங்களில் கிடப்பதைத் தொட வேண்டாம். இத்தனை அடி வாங்கியும் கடையைத் திறந்து வைத்திருப்பவர்களுக்கு அந்தக் காசைக் கொடுக்கலாம்.

சின்னப் பிள்ளைகள் பக்கத்தில் இருக்கும்போது ஆட வேண்டாம். ரத்தம் வரும் இடங்கள் உண்டு, ஆனால் பிரச்சினை ரத்தம் இல்லை. ஓர் அப்பா மகளுக்குச் செய்வதைப் பார்த்துவிட்டு எட்டு வயதுப் பிள்ளை கேட்கும் கேள்விக்கு நம்மிடம் பதில் இருக்காது. பதினைந்து, பதினாறு வயதென்றால் கூட உட்கார்ந்து ஆடுங்கள், நடுநடுவே நிறுத்திப் பேச நிறைய இருக்கும். பிடித்துப்போனால் இதே குழு 2017இல் செய்த 'டிடென்ஷன்' இருக்கிறது. 1960களின் தைவான் பள்ளி ஒன்றில் நடக்கும் கதை, பக்கவாட்டில் நடந்து போகும் ஆட்டம். பேய் அதில் அதிகம், மடிக்கணினி பழையதாக இருந்தாலும் ஓடும். ஆனால் 'டிவோஷன்' முடித்த அதே இரவில் அதையும் தொடங்க வேண்டாம், அடுத்த வார இறுதிக்கு வைத்துக்கொள்ளுங்கள்.